ஒற்றிக்கு வட்டி இல்லையா?

"ஒற்றிக்கு வட்டி இல்லைத்தானே தம்பி, பிறகென்ன?" என்று கிளிநொச்சிப் பக்கத்துத் தாயார் ஒருவர் அண்மையில் என்னிடம் கேட்டார். மூத்த மகளின் கலியாணத்துக்காக 1987 ஆம் ஆண்டில் அவருடைய கணவர் இரண்டு ஏக்கர் வயலைப் பதினைந்தாயிரம் ரூபாவுக்கு ஒற்றி வைத்திருந்தார். பின்னர் இடப்பெயர்வுகள் வந்தன. கணவரும் காலமாகிவிட்டார். வயல் இன்றுவரை மீட்கப்படவில்லை. இப்போது மகனுக்கு ஒரு லாண்ட்மாஸ்டர் எடுத்துக் கொடுப்பதற்காக, எஞ்சியிருக்கும் ஒரு ஏக்கர் மேட்டுக் காணியையும் ஒற்றி வைக்க யோசிக்கிறார். ஈடு வைத்தால் வட்டி கட்டவேண்டும், வங்கிக்குப் போனால் மாதாமாதம் கட்டவேண்டும், ஒற்றிக்கோ ஒன்றும் கட்டத் தேவையில்லை என்பது அவருடைய நியாயம்.

அந்தத் தாயார் மட்டும் இப்படி நினைக்கவில்லை. எம்மவரில் மிகப் பலருடைய எண்ணம் இதுதான். ஆகவே இதைச் சற்று விரிவாகப் பேசவேண்டியிருக்கிறது.

ஈட்டில் காணி எம்மிடமே இருக்கும். வாங்கிய காசுக்கு வட்டி கட்டுகிறோம். ஒற்றியில் காணியைக் காசு கொடுத்தவரிடம் விட்டுவிடுகிறோம். அவர் விதைத்து, வெட்டி, விளைச்சலை எடுத்துக்கொள்கிறார். அந்த விளைச்சல்தான் அவருக்கு வட்டி. முதல் மட்டும் அப்படியே நிற்கிறது. இது இன்று நேற்று வந்த வழக்கமல்ல. ஒல்லாந்தர் காலத்தில், 1707 இல், கிளாஸ் ஐசாக்ஸ் என்ற அதிகாரி யாழ்ப்பாணத்து வழமைகளைத் தேசவழமையாகத் தொகுத்து எழுதியபோதே ஒற்றியும் அதில் இடம்பெற்றது. ஆகவே ஒற்றிக்கு வட்டி இல்லை என்பது சரியல்ல. வட்டி உண்டு, அது காசாகக் கைமாறாதபடியால் எம் கண்ணில் படுவதில்லை.

கண்ணில் படும்படி ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். ரூபாவில் போட்டால் விலைவாசி குழப்பும். நெல் மூடையிலேயே போடுவோம். இரண்டு ஏக்கர் வயலை, அறுபது மூடை நெல்லின் பெறுமதியான காசுக்கு ஒற்றி வைத்ததாக வைத்துக்கொள்வோம். காலபோகம் மட்டுமே விதைக்கும் வயல். உழவு, விதைநெல், பசளை, மருந்து, வெட்டுக்கூலி எல்லாம் கழித்து ஏக்கருக்கு எட்டு மூடை மிஞ்சும் என்று கொள்வோம். (உங்கள் ஊர்க் கணக்கு வேறாக இருந்தால் அந்த எண்ணைப் போட்டுப் பாருங்கள்.) அப்படியானால் வருடத்துக்குப் பதினாறு மூடை எம் கையை விட்டுப் போகிறது. அறுபதுக்குப் பதினாறு என்றால் நூற்றுக்கு இருபத்தாறுக்கு மேல். வங்கிக்காரர் இந்த வட்டியைக் கேட்டால் நாம் வாசலிலேயே திரும்பிவிடுவோம்.

வீதத்தை விடப் பெரிய விடயம் காலம். பத்து வருடம் போனால் நூற்று அறுபது மூடை போய்விட்டது. கடனில் எவ்வளவு குறைந்திருக்கிறது? ஒரு மூடைகூட இல்லை. மீட்கும் அன்று அறுபது மூடைக் காசையும் ஒரே தரத்தில் எண்ணி வைக்கவேண்டும். அறுபது வாங்கி இருநூற்று இருபது கொடுத்திருக்கிறோம். வயல் போனபடியால் வருமானமும் குறைந்திருக்கும் குடும்பம், அந்த அறுபதை எங்கேயிருந்து ஒரேயடியாகச் சேர்க்கும்? சேர்க்க முடியாதபடியால்தான் ஒற்றி பத்து வருடத்தோடு நிற்காமல் மகன் காலத்துக்கும் பேரன் காலத்துக்கும் நீளுகிறது.

இதே அறுபது மூடைக் காசை, ஆண்டுக்கு நூற்றுக்குப் பதினாலு வட்டிக்கு, குறைந்துவரும் நிலுவையின் மேல் கணக்கிடும் ஐந்து வருடக் கடனாக எடுத்ததாக வைத்துக்கொள்வோம். வருடம் ஒருமுறை அறுவடையோடு கட்டினால் தவணைக்குப் பதினேழரை மூடை வரும். ஐந்து வருடத்தில் மொத்தம் ஏறக்குறைய எண்பத்தேழரை மூடை. ஒற்றியில் வருடாவருடம் இழப்பது பதினாறு. கடனில் கட்டுவது பதினேழரை. வித்தியாசம் ஒன்றரை மூடைதான். ஆனால் ஐந்தாவது அறுவடையோடு கடன் முடிந்துவிடும், வயலும் முழுக்காலமும் எம்மிடமே இருக்கும். ஒற்றியிலோ ஐந்தாவது வருடமும் முதல் வருடத்தைப் போலவே அறுபது மூடை நிலுவையில் நிற்கும்.

இதைச் சொன்னவுடன், "வங்கி எங்களுக்குக் காசு தருமா?" என்ற கேள்வி வரும். நியாயமான கேள்வி. அரசாங்க உத்தியோகத்தர் இருவரைப் பிணைக்குக் கொண்டுவா என்பார்கள். நாலு தரம் இடம்பெயர்ந்த குடும்பத்துக்கு அத்தகைய அறிமுகம் எங்கே? பிறப்புச் சான்றிதழ் முதல் காணி உறுதி வரை ஓட்டத்தில் போய்விட்டது. ஒற்றிக்கு இவை எதுவும் வேண்டாம். அயலவர் தருவார், பெரும்பாலும் இனத்தவரே தருவார். வீட்டு வாசலில் வந்து தவணை கேட்டு அவமானப்படுத்தவும் மாட்டார்.

ஒற்றியில் இன்னுமொரு நல்ல குணமும் உண்டு. அதை மறைப்பது நேர்மையல்ல. மழை பொய்த்தாலும் வெள்ளம் அழித்தாலும் அந்த நட்டம் ஒற்றிக்காரருக்குத்தான். 2021 இல் இரசாயனப் பசளை இறக்குமதியைத் தடைசெய்தபோது விளைச்சல் விழுந்தது; கடன் எடுத்து விதைத்தவர்களுக்குத் தவணை மட்டும் குறையவில்லை. ஒற்றி வைத்தவருக்கு அந்த வருடம் கவலை இருக்கவில்லை. ஆகவே ஒற்றி வாங்குபவரை இரத்தம் உறிஞ்சுபவராகச் சித்திரிக்க நான் விரும்பவில்லை. பிழை ஆளில் அல்ல, உறுதியில் எழுதும் நிபந்தனையில் இருக்கிறது. எத்தனை போகம் போனாலும் முதல் குறையாது என்பதுதான் அந்த நிபந்தனை. அதை மாற்றி எழுதச் சட்டத்தில் தடை ஒன்றும் இல்லை.

எப்படி மாற்றுவது? வருடாவருடம் முதலில் ஒரு பகுதி கழியவேண்டும் என்று உறுதியிலேயே எழுதிக்கொள்ளலாம். மேலே சொன்ன அதே வயலில், வருடத்துக்குப் பத்து மூடைப் பெறுமதி முதலில் கழியும் என்று எழுதினால் ஆறு வருடத்தில் அறுபதும் தீர்ந்துவிடும். காணி ஒரு சதமும் கொடுக்காமல் திரும்பிவரும். காசு தந்தவருக்கு இதில் அநியாயம் உண்டா? ஆறு வருடத்தில் அவர் தொண்ணூற்றாறு மூடை எடுக்கிறார். வட்டியாகப் பார்த்தால் ஆண்டுக்கு நூற்றுக்குப் பதினைந்துக்குக் குறையாது. நல்ல வட்டிதான். "அப்படி எழுதினால் ஒருவரும் காசு தரமாட்டார்கள்" என்று சொல்லுகிறார்கள். கேட்டுப் பார்த்தவர்கள் எத்தனை பேர் என்று திருப்பிக் கேட்டால் பதில் வருவதில்லை. அவசரத்தில் போய்க் கேட்பவர் நிபந்தனை பேசமாட்டார் என்பது உண்மைதான். அதனால்தான் அவசரம் வருமுன்னர் இதைப் பேசவேண்டும். மாதர் சங்கத்தில், கமக்காரர் அமைப்பில், குடும்பத்துக்குள்ளே பேசவேண்டும்.

முழுத் தொகையும் கேட்காமல், காணியை நாலைந்து வருடத்துக்குக் குத்தகைக்கு விட்டுக் குத்தகைக் காசை முற்பணமாக வாங்குவது இன்னொரு வழி. கையில் வரும் காசு ஒற்றியை விடக் குறைவுதான். ஆனால் தவணை முடியும்போது கடன் என்று ஒன்றும் இருக்காது. மேட்டுக் காணிக்கும் தோட்டக் காணிக்கும் இது பொருந்தும். தூரத்தில் வாழ்வதால் சொந்தமாகப் பயிர் செய்ய முடியாத குடும்பங்களுக்கும், "காணி சும்மா கிடக்கிறதுதானே, ஒற்றிக்கே விடுவோம்" என்பதை விட இது நல்லது. திரும்பிப் போக முடிவெடுக்கும் வருடத்தில் கையில் பெருந்தொகை இல்லையே என்று நிற்க வேண்டியதில்லை. வயற்காணி என்றால் மட்டும் ஓர் எச்சரிக்கை. 1958 ஆம் ஆண்டின் நெற்காணிச் சட்டம் தொடக்கம் 2000 ஆம் ஆண்டின் 46 ஆம் இலக்கக் கமநல அபிவிருத்திச் சட்டம் வரை, வயலைக் குத்தகைக்குச் செய்பவருக்குச் சட்டம் பாதுகாப்பு அளித்து வந்திருக்கிறது. உழைப்பவனுக்கான நல்ல சட்டம்தான். ஆனால் நாலு வருடத்தில் எழும்புவார் என்று நினைத்து விட்டவருக்கு அது தலையிடியாகலாம். வயலை விடுமுன்னர் கமநல சேவை நிலையத்தில் ஒருமுறை விசாரியுங்கள்.

இனி ஈட்டுக்கு வருவோம். தனியாரிடம் ஈடு வைப்பவர்கள் "நூற்றுக்கு மூன்று வட்டி" என்று சொல்லும்போது அது மாதக் கணக்கு. வருடத்துக்கு முப்பத்தாறு. முப்பத்து மூன்று மாதத்தில் வட்டி முதலைத் தொட்டுவிடும். 1852 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தில் ஒரு பழைய விதி உண்டு: வழக்கில் அறவிடக்கூடிய வட்டி, முதலை மிஞ்சக்கூடாது. தனியாரிடம் பட்ட கடனுக்குக் குட்டியும் குட்டியின் குட்டியும் கேட்கப்படும்போது இந்த விதியை ஒரு சட்டத்தரணியிடம் ஞாபகப்படுத்துவது நல்லது. வங்கிகளும் கடன் நிறுவனங்களும் வேறு சட்டங்களின் கீழ் நடப்பவை. அவற்றிடம் இதை நம்பிப் போகவேண்டாம்.

நிறுவனங்களிடம் கேட்கவேண்டிய கேள்வி வேறு: வட்டி குறைந்துவரும் நிலுவைக்கா, முழு முதலுக்குமா? ஒரு இலட்சத்தை ஐந்து வருடத்துக்கு, முழு முதலுக்கும் நூற்றுக்குப் பன்னிரண்டு என்று எடுத்தால் வட்டி மட்டும் அறுபதாயிரம். பாதி முதலைக் கட்டி முடித்த பிறகும் முழு இலட்சத்துக்கும் வட்டி ஓடுகிறது. உண்மையில் அது நூற்றுக்கு இருபதுக்கு மேற்பட்ட வட்டி. இப்படியான கணக்குகளோடு போருக்குப் பின்னர் வடக்குக்கும் கிழக்குக்கும் வந்த நுண்கடன் எமது பெண்களை எந்த நிலைக்குக் கொண்டுபோனது என்பதை நாம் கண்டோம். வீதம் மாறாததா, மாறுவதா என்பதையும் கேளுங்கள். 2022 இல் நாட்டின் வட்டி வீதங்கள் ஏறியபோது மாறும் வட்டிக்குக் கடன்பட்டவர்களின் தவணைகளும் சேர்ந்து ஏறின.

எல்லாவற்றிலும் ஆபத்தானது, கடன் என்று சொல்லிக்கொண்டு அறுதி எழுதுவது. "இத்தனை வருடத்துக்குள் காசு தந்தால் திருப்பி எழுதித் தருவேன்" என்ற நிபந்தனையோடு காணியை விற்றதாக உறுதி முடிப்பார்கள். ஈட்டில் கடன் கொடுத்த தனியார் காணியில் கைவைக்க வேண்டுமானால் நீதிமன்றம் போகவேண்டும். இந்த நிபந்தனை அறுதியில் தவணை தப்பிய மறுநாளே காணி அவருடையது; இருபது இலட்சம் பெறும் காணி இரண்டு இலட்சத்துக்குப் போய்விடும். இதில் அகப்பட்டவர்களுக்கு ஒரு கதவு உண்டு. 1941 ஆம் ஆண்டின் 39 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தின் கீழ் அமைந்த கடன் இணக்கச் சபை, ஈடுகளையும் இத்தகைய நிபந்தனை அறுதிகளையும் விசாரித்து இணக்கம் காண முயலும். ஆனால் தவணை முடிந்த பிறகு போய்ப் பயனில்லை. நன்கு முன்னதாகவே விண்ணப்பிக்கவேண்டும்.

குடியேற்றத் திட்டங்களில் வாழும் குடும்பங்களுக்குத் தனியாக ஒன்று சொல்லவேண்டும். வன்னியில் எம்மவர் பலரிடம் இருப்பது 1935 ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் வழங்கப்பட்ட அனுமதிப்பத்திரக் காணி. அதைத் தனியாருக்கு ஒற்றி வைப்பது சட்டத்தில் செல்லாது. அப்படியிருந்தும், வெள்ளைக் கடுதாசியில் எழுதிக் கையெழுத்து வைத்து, அனுமதிப்பத்திரத்தையும் சேர்த்துக் கொடுத்துவிட்டு நிற்பவர்கள் ஊருக்கு ஊர் இருக்கிறார்கள். காசு தந்தவர் எழும்பாவிட்டால் கேட்க ஆதாரம் இல்லை; பிரதேச செயலகத்தில் போய்ச் சொன்னால் அனுமதிப்பத்திர நிபந்தனையை மீறியவராக நாமே நிற்கிறோம்.

உறுதிக் காணி என்றால், 1840 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டப்படி, நொத்தாரிசு முன்னிலையில் இரு சாட்சிகளோடு எழுதப்படாத ஒற்றிக்கோ ஈட்டுக்கோ வலு இல்லை. நொத்தாரிசுக்குக் கொடுக்கும் காசை மிச்சம் பிடிப்பதாக நினைத்துக் காணியையே இழந்தவர்கள் உண்டு. சீதனக் காணியைப் பற்றித் தாய்மாருக்கு ஒரு வார்த்தை. அது உங்கள் சொத்து. கணவர் தனியே ஒற்றி வைக்க முடியாது. உங்கள் கையெழுத்து வேண்டும். அந்தக் கையெழுத்தை வைக்குமுன்னர் மூடைக் கணக்கை ஒருமுறை உங்கள் கையாலேயே போட்டுப் பாருங்கள்.

தொடக்கத்தில் சொன்ன தாயாரின் வயலுக்குத் திரும்புவோம். அவருடைய பிரதி உறுதி 2009 இல் போய்விட்டது. காணிப் பதிவகத்தில் விண்ணப்பித்துப் பதிவுப் பிரதி எடுத்திருக்கிறார். அதில் பதினைந்தாயிரம் ரூபா என்று தெளிவாக இருக்கிறது. ஒற்றி வாங்கியவரும் காலமாகிவிட்டார். அவருடைய மகன்தான் செய்கிறார். அவர் சொல்லுகிறார்: "அண்டைக்கு அப்பா குடுத்தது நாலு பவுணின்ரை காசு. இண்டைக்குப் பதினைஞ்சாயிரத்தைத் தந்து வயலைக் கேட்டால் ஞாயமோ? இந்தக் காட்டை வெட்டினது நான்தானே?"

இதை எளிதாகத் தட்டிவிட முடியாது. ரூபா மெலிந்துபோனது அந்தத் தாயாரின் குற்றமல்ல, அந்த மகனின் குற்றமுமல்ல. சட்டப்படி பார்த்தால் உறுதியில் எழுதிய ரூபாதான் கடன். ஒற்றிக்காரராகக் காணியில் இருப்பவர், எத்தனை வருடம் இருந்தாலும், உரிமைக்காரராக இருக்கிறார் என்று ஆகாது. ஆனாலும் 1871 ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டத்தின் பத்து வருட ஆட்சியைக் காட்டி உரிமை கேட்பவர்கள் உண்டு. போரினால் வழக்குத் தொடர முடியாமற்போனவர்களுக்கு 2016 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்கச் சட்டம் ஒரு சலுகை தந்தது. அதற்கான இரண்டு வருட அவகாசம் 2018 இல் முடிந்துவிட்டது. ஆகவே பழைய ஒற்றி உள்ளவர்கள் "பிறகு பார்ப்போம்" என்று இருக்கவேண்டாம். பதிவுப் பிரதியை எடுங்கள், சட்டத்தரணியிடம் காட்டுங்கள், இருப்பவரோடு எழுத்தில் பேசுங்கள்.

நியாயத்தைப் பற்றி என் அபிப்பிராயம் இது. தகப்பனும் மகனுமாக அந்த வயலில் அவர்கள் இருபதுக்கு மேற்பட்ட போகம் வெட்டியிருக்கிறார்கள். நாலு பவுணும் அதில் எப்போதோ திரும்பிவிட்டது. ஆனால் 2011 இல் பற்றைக்காட்டை வெட்டி, வரம்பு கட்டி, வயலை மறுபடி வயலாக்கிய உழைப்பு வேறு கணக்கு. அதற்கு ஒரு விலை உண்டு. அதைக் கொடுக்க மறுப்பது சரியல்ல. காசாகக் கொடுக்கத் தாயாரிடம் வழியில்லை. இன்னும் இரண்டு காலபோகம் நீயே செய், அதுவே காடு வெட்டிய கூலி, அதன் பின் பதினைந்தாயிரத்தை வாங்கிக்கொண்டு மீட்சி எழுதித் தா என்று கேட்டுப் பார்க்கும்படி சொன்னேன். மூன்று போகம் வேண்டும் என்று அவர் நிற்கிறார். தாயார் இரண்டில் நிற்கிறார். தைப்பொங்கல் கழித்து இருவரும் நொத்தாரிசிடம் போவதாகப் பேச்சு. மேட்டுக் காணியை ஒற்றி வைக்கும் யோசனையைத் தாயார் அதுவரை தள்ளிவைத்திருக்கிறார். லாண்ட்மாஸ்டரை மகன் இன்னும் வாடகைக்குத்தான் எடுக்கிறார்.